மூன்று மணி டீ

அரியலூருக்கு வெளியே, மூடிக்கிடக்கும் சுண்ணாம்புக்கல் குவாரிக்கு எதிரில் ஒரு டீக்கடை. வசனமில்லாத குறும்படம் ஒன்றுக்காக, ஆறிக்கொண்டிருக்கும் என் டீயைப் படம்பிடிக்கிறேன். மணி மூன்று. பெஞ்சில் இருக்கும் நான்கு பேரும் பேச்சை நிறுத்தாமலே தங்கள் கிளாஸை உள்ளங்கையால் மூடுகிறார்கள். அவ்வளவு அழகு! கேமராவை அவர்கள் பக்கம் திருப்புகிறேன்.

"எதுக்குக்கா மூடுறாங்க?" கடைக்கார அக்காவிடம் கேட்கிறேன்.

"மூணு மணிக்கு குவாரியில வெடி வைப்பாங்க, டீயில தூசி வுழும். இப்ப வெடி நின்னு ரொம்ப வருசமாச்சுங்க."

சிரித்தபடி என் கிளாஸை எடுக்கிறேன். காற்றில்லை, சாலையில் ஒரு லாரிகூட இல்லை. டீயின்மேல் வெள்ளையாகத் தூசி படிந்திருக்கிறது.

அக்கா அதை வாங்கிக் கீழே ஊற்றிவிட்டு, வேறு டீ வைக்கிறார்.

"இத மூடிக்கிங்க சார்."