தனகோடி அண்ணன் வண்டியில் ஓடிய இங்கிலீஷ் பாட்டு

நான் கண்டக்டராக ஏறிய முதல் நாளே டிரைவர் தனகோடி அண்ணனிடம் திட்டு வாங்கினேன். சோரியாங்குப்பத்திலிருந்து பாகூர், தவளக்குப்பம் வழியாகப் பாண்டிச்சேரி போகும் தனியார் பஸ் அது. விசில் கொடுக்கக் கொஞ்சம் தாமதமாகிவிட்டது.

"இன்னாடா, விசில வாயில வச்சிக்னு தூங்குறியா?"

என்னை மட்டுமல்ல, சைக்கிள்காரர், மாட்டு வண்டிக்காரர், குறுக்கே போகிற கோழி, எல்லாரையும் திட்டுவார். ஆனால் மதியம் டிபன் பாக்ஸைத் திறந்தால் பெரிய மீன் துண்டை என் பக்கம் தள்ளிவிடுவார். அவர் மேல் எனக்குக் கோபம் தங்கியதே இல்லை.

1. கேசட்

எண்பதுகளின் நடுவில் முதலாளி வண்டியில் டேப் செட் மாட்டினார். பிரான்சில் பட்டாளத்தில் இருந்த அண்ணனின் மச்சான் லீவில் வந்தபோது ஒரு கேசட் கொடுத்தார். இரண்டு பக்கத்திலும் இருந்தது ஒரே ஒரு இங்கிலீஷ் பாட்டுதான். அங்கே அது சக்கைப்போடு போட்டதாம். டிரம்ஸ் இடிக்கும், கிதார் அலறும், நடுவில் ஒருவன் தொண்டை கிழியக் கத்துவான்.

பாகூர் கடைத்தெருவில் வளையல் கடை வைத்திருந்த மும்தாஜ் அக்கா சரக்கு எடுக்க அடிக்கடி எங்கள் வண்டியில் வருவார். முன் சீட்டு அவருடையது.

"ஏன் தம்பி, இவன் பாடறானா, இல்ல யாராச்சும் இவனப் போட்டு அடிக்கிறாங்களா?"

பின்னாலிருந்த கல்லூரிப் பெண் ஒருத்தி சொன்னாள். "கோவமா இருக்கான்க்கா. வேல செய்ற எடத்துல மதிக்க மாட்றாங்க, வூட்டுக்கு வந்தா மனசுல இருக்கறத சொல்ல முடியலன்னு கத்தறான்."

அண்ணன் கியரை மாற்றிக்கொண்டே, "அதத்தாம்மா நானும் சொல்றேன்" என்றார்.

அதன் பிறகு கோபம் வந்தால் டேப்பைத் தட்டிவிடுவார். ஒரு வார்த்தை புரியாது. ஆனாலும் ஸ்டியரிங்கில் தாளம் போட்டபடி கூடவே கத்துவார். பாட்டு முடியும்போது முகம் தெளிந்திருக்கும். திட்டுவது அநேகமாக நின்றேபோனது.

ஆனால் பாசஞ்சர்களுக்குத் தலைவலி. மும்தாஜ் அக்கா உட்பட நாலைந்து பேர் முதலாளியிடம் சொன்னார்கள். அவர் கேசட்டைப் பிடுங்கிக்கொண்டார்.

2. தவளக்குப்பம்

சில வாரம் கழித்து ஒரு காலை. தவளக்குப்பம் ஜங்ஷனில் எங்கள் வண்டிக்குக் குறித்த டைமில் போட்டி வண்டி நின்று ஆள் ஏற்றிக்கொண்டிருந்தது. அண்ணன் வண்டியை ஓரங்கட்டினார். சீட்டுக்கு அடியிலிருந்து ஜாக்கி லிவரை எடுத்துக்கொண்டு இறங்கினார். ஓடிப்போய் இடுப்பைப் பிடித்தேன். என்னையும் இழுத்துக்கொண்டே நடந்தார். அந்த டிரைவர் வெளிறிப்போய்க் கதவை உள்ளே பிடித்துக்கொண்டார்.

மும்தாஜ் அக்கா இறங்கி வந்து குறுக்கே நின்றார். "மொதல்ல என்ன அடிச்சிட்டு அப்பறம் போ தம்பி."

லிவர் கீழே விழுந்தது. அண்ணன் எங்கள் வண்டியின் படியில் போய் உட்கார்ந்து குழந்தை மாதிரி அழுதார்.

"பொண்டாட்டி ஆஸ்பத்திரில கெடக்குறாக்கா. வயித்துல ஆபரேஷன்றாங்க. லீவு கேட்டா, மாத்து டிரைவர் இல்லன்றாரு மொதலாளி. இந்தக் கோவத்த எங்க கொண்டு போயி வைக்கிறது?"

பக்கத்திலேயே வேலை செய்த எனக்கே அது அப்போதுதான் தெரியும். அவர் முகம் கழுவி, வண்டியைப் பத்திரமாகப் பாண்டிச்சேரி கொண்டுபோய்ச் சேர்த்தார். மும்தாஜ் அக்கா அன்று சரக்கு எடுக்கப் போகவில்லை. நேராக முதலாளியின் ஷெட்டுக்குப் போனார். நானும் கூடப் போனேன்.

"பொண்டாட்டி என்ன ஆவாளோன்னு நெனச்சிக்னு ஓட்டறவன் கையில எங்க உசிரக் குடுத்திருக்கீங்க. அவனுக்கு லீவு குடுங்க."

முதலாளி பேனாவை மூடிவைத்தார். "சரிம்மா. ஆள் நான் பாத்துக்கறேன்."

"அந்த கேசட்டயும் குடுத்துடுங்க."

"நீங்கதானம்மா வேணாம்னு வந்து நின்னீங்க?"

"நாந்தான். அந்த வெள்ளக்காரன் கத்தனவரிக்கும் இவன் அமைதியா இருந்தான். அது அப்ப தெரியல."

3. முன் சீட்டு

ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது. லீவு முடிந்து வேலைக்கு வந்தபின் ஒரு நாள் அண்ணன் தன் மனைவியை ஆஸ்பத்திரியிலிருந்து எங்கள் வண்டியில்தான் வீட்டுக்கு அழைத்துப்போனார். மும்தாஜ் அக்கா நகர்ந்து இடம் கொடுத்தார். அரியாங்குப்பம் தாண்டியதும் பாட்டு ஆரம்பித்தது. அந்த அம்மா காதைப் பொத்திக்கொண்டார்.

"இன்னாக்கா இது, இந்தக் கத்து கத்தறான்?"

"உன் வூட்டுக்காரன் உங்கிட்ட சொல்லாததெல்லாம் இவந்தான் சொல்றான். கேளு."

அவர் கையை எடுத்தார். கணவரின் முதுகைப் பார்த்தபடி பாட்டு முடியும்வரை கேட்டார்.

இந்த வேலைக்கு வரும் பிள்ளைகளுக்கு நான் சொல்வது இதுதான்: டிரைவர் கத்தினால் பதிலுக்குக் கத்தாதீர்கள். வண்டி நின்றதும் ஒரு டீ வாங்கிக் கையில் கொடுத்து, வீட்டில் எல்லாரும் நல்லா இருக்காங்களா என்று கேளுங்கள்.