எண்ணூர் முகத்துவாரத்தில் எடுத்த ஷாட்

1. பட்டறைக்கு வந்த கேமரா

ராயபுரத்தில் கப்பல் ரிப்பேர் பட்டறை ஒன்றில் நான் ஃபிட்டராக இருந்தேன். யுத்தம் முடிந்து சில வருஷங்கள் ஆகியிருந்தன. ஒருநாள் ஸ்தாவ்ரோ என்ற கிரேக்கர், பிலிம் சிக்கி நின்றுபோன கேமராவைத் தூக்கிக்கொண்டு வந்தார். கப்பலில் வந்தவர், மெட்ராஸிலேயே தங்கி, ஸ்டுடியோக்களில் கேமராமேனாகப் பெயர் வாங்கியிருந்தார். தேய்ந்த பல்சக்கரத்துக்குப் பதிலாகப் பித்தளையில் ஒன்று கடைந்து கொடுத்தேன். ஓட்டிப் பார்த்தார்.

"சூசை, இந்த வேலை விடு. என்கூட வா" என்றார். துறைமுகத்தில் கற்ற தமிழ்.

அடுத்த வாரமே போனேன். ஆறு வருஷம் அவருக்கு ஃபோகஸ் பார்த்தேன். நடிகர் நகர நகர லென்ஸைத் திருப்பி, முகம் மங்காமல் வைத்திருப்பதுதான் என் வேலை.

2. டைரக்டர்

கடைசியில் ஒரு பட முதலாளி அவரை நம்பி டைரக்டர் ஆக்கினார். கடலோரக் கதை, எண்ணூரில் ஷூட்டிங். டைரக்டர் ஆன பிறகும் கேமராவை இன்னொருவரிடம் கொடுக்க அவருக்கு மனசு வரவில்லை. அவரே படம் எடுப்பார், அவரே "கட்" சொல்வார். அது தப்பென்று எங்களில் ஒருவருக்கும் தோன்றவில்லை. பெருமையாகத்தான் இருந்தது.

அன்று கதாநாயகனுக்குப் பதிலாகக் குப்பத்து எல்லப்பன் கட்டுமரத்தில் போனான். முகத்துவாரத்து அலையில் கவிழ்ந்து, கையைத் தூக்கிக் காட்டி, திரும்ப மரத்தைப் பிடித்து ஏற வேண்டும். முதல் தடவை அவன் விழுந்ததுமே அவன் மச்சான் மாரி பயந்துபோய் நீந்திப் போய்விட்டான். ஷாட் வீண்.

"நான் கட் சொல்லாம யாரும் தண்ணி உள்ள போகாதே!" என்று ஸ்தாவ்ரோ கத்தினார்.

"அவனுக்கா நீச்சல் தெரியாது? நீ இன்னாத்துக்குப் பூந்த?" என்று குப்பத்து ஆட்களும் மாரியைத் திட்டினார்கள்.

இரண்டாவது தடவை வானம் கறுத்துக் கிடந்தது. அந்த வெளிச்சம் ஸ்தாவ்ரோவுக்குப் பிடித்திருந்தது. எல்லப்பன் கவிழ்ந்தான். கை மேலே வந்தது. மறுபடியும் வந்தது. "நல்லா கீது, நல்லா கீது" என்று கேமராவிலிருந்து கண்ணை எடுக்காமலே முணுமுணுத்தார். நான் லென்ஸைத் திருப்பிக்கொண்டிருந்தேன். அப்புறம் கை வரவில்லை. மாரி உத்தரவுக்குக் காத்திராமல் பாய்ந்தான். கட்டுமரக் கயிறு காலில் சுற்றியிருந்தது. கரைக்குக் கொண்டுவந்தபோது எல்லப்பனுக்கு உயிர் இல்லை.

3. தேசம்மா

பிலிமைக் கழுவிப் பிரிண்ட் போட்டுப் பார்த்தோம். "பாவம்தான். ஆனா இது இல்லாம படமே இல்லை" என்றார் முதலாளி. ஸ்தாவ்ரோ என்னைக் கூட்டிக்கொண்டு குப்பத்துக்குப் போய், எல்லப்பன் மனைவி தேசம்மாவிடம் அந்த ஷாட்டை வைக்கட்டுமா என்று கேட்டார்.

"நான் பாக்கணும். அப்பால சொல்றேன்."

தம்பி மாரியோடு ஸ்டுடியோவுக்கு வந்து, பெஞ்சு நுனியில் உட்கார்ந்து பார்த்தாள். விளக்கு போட்டோம். அவள் அழவில்லை.

"இம்மாம் நேரம் கை காட்டிக்கினு இருந்தாரா? இத்தினி பேரு பாத்துகினு நின்னீங்களா?"

"அம்மா, நான் படம் பார்த்தேன். ஆளைப் பார்க்கலை" என்றார் ஸ்தாவ்ரோ.

அவள் என் பக்கம் திரும்பினாள். "நீ?"

சற்று முன் திரையில் எல்லப்பன் முகம் கொஞ்சமும் மங்காமல் இருந்தது. அது என் கைவேலை.

அன்றே அந்த ஷாட்டை அவர் வெட்டி எடுத்துவிட்டார். முதலாளி கோபித்துக்கொண்டு விலக, படம் பாதியில் நின்றது. மறுபடி அவரைக் கேமராமேனாக இரண்டு படங்களுக்குக் கூப்பிட்டார்கள். ஷாட் நடுவில் தலையைத் தூக்கித் தூக்கி நேரே பார்ப்பார். பிரேம் ஆடிவிடும். அப்புறம் யாரும் கூப்பிடவில்லை. ஒருநாள் கப்பல் ஏறிப் போய்விட்டார்.

பின்னால் நானும் கேமராமேன் ஆனேன். இந்தத் தொழிலுக்கு வருகிறவர்களுக்கு நான் சொல்வது இதுதான்: தண்ணீர், நெருப்பு, உயரம் உள்ள ஷாட்டில், லென்ஸ் பக்கமே வராத ஒரு ஆளைக் கயிறோடு நிறுத்துங்கள். அவன் கத்தினால் டைரக்டரைக் கேட்காமல் கேமராவை நிறுத்துங்கள். அப்படி நிறுத்தியதால் என் ஷாட்கள் பல கெட்டிருக்கின்றன, பரவாயில்லை.

கயிறோடு நிற்கும் அந்த வேலைக்கு முதலில் மாரியைத்தான் போய்க் கேட்டேன். "இப்போ வச்சு இன்னா பிரயோஜனம்?" என்று கேட்டுவிட்டு, வலையை எடுத்துக்கொண்டு போய்விட்டான்.