ஆறு திருப்பமும் ஒரு சிவப்புத் துணியும்

கற்பனை நாட்டுக்கு ஒரு கணித விதி எழுதினால் அதை அங்கேயே விட்டுவிட வேண்டும். புக்கிட் பெலிம்பிங் பக்கத்துச் செம்பனைத் தோட்டத்தில் கொண்டுபோய்ச் சோதித்துப் பார்க்கக் கூடாது. இந்த ஞானம் வர எனக்குப் போன சனிக்கிழமை முழுக்கச் செலவானது.

நானும் என் தோழி ஜெசிந்தாவும் நான்கு வருடமாக ஒரு மாயாஜால நாவல் எழுதுகிறோம். கதை என்னுடையது. விதிகள் அவளுடையவை; அவள் இடைநிலைப்பள்ளியில் கணக்கு ஆசிரியை. எங்கள் ஏழிலைநாட்டில் ஒரு காடு இருக்கிறது. அங்கே ஒரு மரத்தில் குறி வைத்துவிட்டு, நேராகப் பன்னிரண்டு மரம் நடந்து, இடப்பக்கம் சாய்வாகப் போகும் வரிசைக்குத் திரும்பி மறுபடி பன்னிரண்டு நடக்க வேண்டும். ஆறு முறை இப்படிச் செய்தால் கிளம்பிய மரத்துக்கே வரலாம். ஆனால் குறி இருக்காது. ஏன் என்பது மர்மம். பதினோரு அத்தியாயங்கள் இந்த விதியை நம்பித்தான் நிற்கின்றன.

அச்சுக்குக் கொடுக்கப் போகிற நேரத்தில் ஜெசிந்தா அம்மணிக்குச் சந்தேகம் வந்துவிட்டது.

“பேப்பர்ல வரும்லா. கால்ல நடந்து எண்ணுனா வருமா? வரலன்னா என் பேரப் போடாத. விதியையும் நான் எடுத்துக்குவேன்.”

விதி போனால் நாவலும் போச்சு. வேறு வழியில்லாமல் காலை 6.30க்குக் கிள்ளானில் கிளம்பினோம்.

முதலில் சுங்கை ஆயர் தாவார். அங்கே தரை சமமாக இருக்கும் என்று எங்கோ படித்தாளாம். 104 கிலோமீட்டர் ஓட்டிப் போய்ப் பார்த்தால், நாங்கள் நின்ற இடத்தில் தென்னையும் செம்பனையும் கலந்து மனம் போன போக்கில் நிற்கின்றன. இதில் எந்த வரிசையை எண்ணுவது? இரண்டு ரொட்டி சானாய், இரண்டு தே தாரிக், 9 வெள்ளி 40 சென். அதுதான் அங்கே கிடைத்த ஒரே நல்ல விஷயம். வந்த வழியே ஒன்றரை மணி நேரம் திரும்பி ஓட்டினேன். அவள் தூங்கிக்கொண்டு வந்தாள்.

புக்கிட் பெலிம்பிங் தோட்டத்தில் மரங்களை முக்கோணக் கணக்கில் நட்டிருக்கிறார்கள். எந்த மரத்தடியில் நின்றாலும் ஆறு பக்கமும் வரிசை ஓடும். வேலையை மேற்பார்வை பார்க்கும் மண்டோரிடம் முன்பே அனுமதி வாங்கியிருந்தோம். “பன்னெண்டுக்குள்ள வெளியாயிடுங்க, மெஷின் வரும்” என்றார். என்ன மெஷின் என்று கேட்கும் புத்தி எங்கள் இருவருக்கும் இல்லை.

10.45க்கு ஒரு மரத்தில் சிவப்புத் துணியைக் கட்டிவிட்டு நடந்தோம். மரத்துக்கு மரம் ஒன்பது மீட்டர், மொத்தம் 650 மீட்டர்கூட இல்லை. அதற்கு ஐம்பது நிமிடம்! வெட்டிப் போட்ட மட்டைக் குவியல், முள், கொசு. நான்காவது திருப்பத்துக்குப் பிறகு, தண்ணீர் வடியும் கான் ஓரமாக ஒரு மரத்தைக் காணோம். “இல்லாத மரத்த எண்ணாத” என்று நான்தான் அதட்டினேன்.

எழுபத்திரண்டை எண்ணி முடித்து நின்றோம். துணி இல்லை. பக்கத்து மரங்களிலும் இல்லை. ஏழிலைநாட்டுக் காட்டுக்குள்ளேயே வந்துவிட்டோமோ என்று நினைத்தேன். ஜெசிந்தாவோ கைகளை விரித்துவிட்டாள். “தப்பான மரம். முடிஞ்சிச்சு. பேர எடுத்துரு.” நான்கு வருடம் நட்டநடுத் தோட்டத்தில் முடிந்துபோனது. எனக்கு அழுகை முட்டியது; அதைச் சண்டையாகத்தான் போட்டேன்.

சத்தம் கேட்டு, உர வாளியும் கையுமாக ஓர் அக்கா வந்தார். பெயர் சரஸ்வதி. இடுப்பில் எங்கள் துணி.

“நீங்கதான் கட்டுனதா? நோய் மரத்துக்குத்தானே இங்க செவப்புத் துணி கட்டுவோம். மெஷின்காரன் வந்தா நல்ல மரத்தச் சாய்ச்சிட்டுப் போயிருப்பான்!”

எந்த மரம் என்று கேட்டோம். நாங்கள் நின்றதற்கு அடுத்த மரத்தைக் காட்டினார். ஒன்றே ஒன்று தள்ளி! நடந்த கதையைச் சொன்னதும் கேட்டார்:

“கான் ஓரத்துல விழுந்த மரத்த எண்ணுனீங்களா?”

“மரமே இல்லையேக்கா?”

“எடம் இருக்குல்ல? நாங்க உரம் போடறப்போ எடத்தையும் எண்ணித்தான் போவோம். இல்லாட்டி வரிசை தப்பிரும்லா.”

ஜெசிந்தா அங்கேயே குதித்தாள். “ஒரு எடத்த விட்டா ஒரு மரம் தள்ளித்தான் வரணும். விதி சரி!” தப்பு எண்ணிக்கையில். அதாவது, என்னில்.

போகிறவர்களுக்கு: அனுமதி இல்லாமல் தோட்டத்துக்குள் நுழையாதீர்கள். மூடிய காலணி, கொசு மருந்து, ஆளுக்கு ஒன்றரை லிட்டர் தண்ணீர் வேண்டும். மரத்தில் எதையும் கட்டாதீர்கள். எண்ணும்போது காலி இடத்தையும் எண்ணுங்கள். சுங்கை ஆயர் தாவாருக்கு இந்த வேலையாகப் போகவே போகாதீர்கள்.

திரும்பும்போது ஜெசிந்தா கேட்டாள்: “அப்ப நம்ம காட்டுல குறிய எடுக்கிறது யாரு?”

அத்தியாயங்களை மனதில் புரட்டினேன். பதினோரு அத்தியாயங்களில் மூன்று அரசர்கள், ஒரு மந்திரவாதி, பேசும் முதலைகூட இருக்கிறது. விழுந்த மரம் எது, நல்ல மரம் எது என்று தெரிந்த ஓர் ஆள் இல்லை. என் அம்மா இருபது வருடம் தோட்டத்தில் உரம் போட்டவர். அவர் மகள் ஒரு முழுக் காட்டையே உண்டாக்கிவிட்டு, அதில் வேலை செய்ய ஒருவரையும் வைக்கவில்லை. எனக்கு வெட்கமாக இருந்தது.

அச்சகத்துக்குப் போன் செய்து இரண்டு மாதம் தள்ளச் சொல்லிவிட்டேன். முதல் அத்தியாயத்திலிருந்து மறுபடி எழுத வேண்டும். ஜெசிந்தாவின் விதியில் ஒரு வரிகூட மாறாதாம். வேலை முழுக்க எனக்குத்தான்.