ஜன்னல் அக்காவும் இரண்டாவது பிரேக்கும்

அவளை எல்லோரும் ஜன்னல் அக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். எந்த வீட்டுக்குப் போனாலும், வாங்க என்று கூப்பிட்டவர் முகத்தைப் பார்க்கும் முன்னால் அந்த வீட்டு ஜன்னலைப் பார்த்துவிடுகிற பெண்ணுக்கு வேறு என்ன பெயர் வைப்பார்கள்? திரைச்சீலை தைப்பது அவள் தொழில். தையல் மெஷினை வருடக்கணக்கில் மிதித்து மிதித்து, அவளுடைய வலது காலுக்குத் தனியாக ஒரு புத்தி முளைத்திருந்தது.

அவள் கணவர் குடிநீர் நிலையத்தில் பம்ப் ஓட்டுகிறவர். தங்கமான மனிதர். சிக்கலே அதில்தான். கெட்டவராக இருந்திருந்தால் ஒரு சண்டை போட்டுத் தீர்த்திருக்கலாம். "உனக்கு முழு சுதந்திரம் குடுத்திருக்கேன். எங்க போகணும்னு வாயத் திறந்து சொல்லு, வேன எடுத்துடறேன்" என்பார். எடுத்தும் விடுவார். அவள் உள்ளே அளவெடுத்து முடிக்கும்வரை வாசலில் வேனுக்குள் உட்கார்ந்து கொட்டாவி விட்டுக்கொண்டிருப்பார். ஆனால் அவருக்கு ஷிப்ட் இல்லாத நாளில் மட்டும்தான். மற்ற நாட்களில் அவளுடைய சுதந்திரமும் அவரோடு சேர்ந்து டூட்டிக்குப் போய்விடும்.

வேறு ஊரில் வேலை பார்க்கும் மகளுக்கு வேறு கணக்கு. "யாரையும் கேக்காம, மனசுக்குத் தோணுனத செய்றதுதாம்மா சுதந்திரம். என்னைப் பாரு!" என்று போனில் முழங்குவாள். அடுத்த நொடியே குரலைத் தாழ்த்தி, "மேனேஜர் வர்றாரு, வச்சிடறேன்" என்பாள்.

இப்படி இருக்கும்போதுதான் பள்ளிக்கூடத்திலிருந்து ஆள் வந்தது. புதிதாகக் கட்டிய அரங்கத்துக்கு மேடைத்திரை வேண்டுமாம். கருஞ்சிவப்பு வெல்வெட்! அக்காவுக்குத் தலைகால் புரியவில்லை. வீட்டு ஜன்னல்களுக்கே தைத்துத் தைத்துக் கை சலித்தவள் வாழ்நாள் முழுவதும் ஏங்கியது ஒரு மேடைக்குத்தான். ஆனால் தலைமை ஆசிரியை கறாராகப் பேசினார்: "திறப்பு விழாவுக்கு முந்தின வாரம் முழுக்க நீங்க தினமும் காலையில வந்து மாட்டிப் பார்த்து சரி பண்ணணும். முடியாதுன்னா இப்பவே சொல்லிடுங்க, வேற ஆளைப் பார்த்துக்கறோம்." அந்த வாரம் முழுக்கக் கணவருக்குக் காலை ஷிப்ட். அத்தனை வெல்வெட்டைச் சுமந்துகொண்டு பஸ்ஸில் ஏறினால் கண்டக்டர் அவளையும் சேர்த்து இறக்கிவிடுவார். "முடியும்" என்று சொல்லிவிட்டு, அங்கிருந்து நேராக டிரைவிங் ஸ்கூலுக்கு நடந்தாள்.

"எதுக்கு வீண் அலைச்சல்? நான் இல்லையா?" என்றார் கணவர். அவள் அதைக் காதில் போட்டுக்கொள்ளவே இல்லை.

டிரைவிங் ஸ்கூல் மாஸ்டருக்கு ஒரே ஒரு பெருமை. அவரிடம் படித்த யாரும் டெஸ்டில் தோற்றதில்லை. அவர் வண்டியில் அவர் உட்காரும் பக்கத்து சீட்டின் காலடியிலும் ஒரு கிளட்ச், ஒரு பிரேக் உண்டு. "ஆபத்துக்கு மட்டும்" என்று முதல் நாளே சொல்லிவிட்டார். தடித்த ஷூ போடாமல் யாரையும் ஓட்ட விடமாட்டார். இரண்டே வாரத்தில் அக்கா சந்தையைத் தாண்டி, பாலத்தைத் தாண்டிப் பறந்தாள். குறுக்கே சைக்கிள் வந்தால் வண்டி பூப்போல நின்றது. "நான் பிரேக்க நெனச்சாலே போதும், நின்னுடுது!" என்று வீட்டில் வந்து பீற்றிக்கொண்டாள். அந்த ஆனந்தத்தை என்னவென்று சொல்வது! சமையலறையில் கரண்டியைக்கூட கியர் மாற்றுவதுபோல் பிடித்தாள்.

ஒருநாள் மழையில் ஷூ தொப்பலாக நனைந்துவிட்டது. மாஸ்டர் முணுமுணுத்துக்கொண்டே சம்மதிக்க, வெறுங்காலோடு ஓட்டினாள். சந்தை முனையில் ஒரு லாரி குறுக்கே வந்தது. பிரேக்கை அழுத்தக் காலைக் கொண்டுபோனாள். அவள் அழுத்துவதற்குள் பெடல் தானாகவே கீழே போய்விட்டது. தூக்கிவாரிப் போட்டது. ஷூவின் தடித்த தோலுக்குத் தெரியாதது வெறும் பாதத்துக்குத் தெரிந்துவிட்டது. அடுத்த வேகத்தடையிலும் பெடல் அவளை முந்திக்கொண்டது. அதற்கடுத்த சிக்னலிலும் அப்படியே.

வண்டியை ஓரம் கட்டினாள். அதையும் மாஸ்டர்தான் நிறுத்தினார்.

"மாஸ்டர், இத்தனை நாளா ஓட்டுனது நானா, நீங்களா?"

மாஸ்டர் அசடு வழிந்தார். "ரெண்டு பேரும்தான் அக்கா. எல்லாருக்கும் இப்படித்தான். பயம் போயிடும்ல? டெஸ்ட் அன்னிக்கும் கவலையே வேணாம், ஆபீசர் பின்னாடிதான் உக்காருவாரு. என் கால் பார்த்துக்கும்."

"லைசென்ஸ் உங்க காலுக்கா வாங்கப் போறோம்?"

கோபம் என்றால் அப்படி ஒரு கோபம். அவர் மேல் பாதி, பாலத்தின் மேல் பறந்த தன்மேல் பாதி. "சம்மணம் போட்டு உக்காருங்க" என்றாள். மாஸ்டர் விழித்தார். "சீட்டு மேலயா?" "ஆமா. ரெண்டு காலும் மேல." பாவம், தொந்தியை மடக்கி, முழங்கால் கதவில் இடிக்க, அவர் சீட்டின்மேல் சம்மணம் போட்டார்.

பூப்போல நின்ற வண்டி அன்று முயல்போலக் குதித்தது. நடுரோட்டில் என்ஜின் அணைந்தது. பின்னால் ஹாரன்கள் கத்தின. ஒருவர் ஜன்னல் வழியாகத் தலையை நீட்டி அவள் பரம்பரையையே விசாரித்தார். அழுகை முட்டியது, மறுபடி சாவியைத் திருப்பினாள். பாலத்து ஏற்றத்தை எப்படியோ தாண்டியபோது அவளை அறியாமல் ஒரு கூச்சல் வந்தது. மாஸ்டரும் சேர்ந்து கத்தினார். அவர் கத்தியது உயிர்ப்பயத்தில்.

டெஸ்ட் நாள் வந்தது. தோற்றால் அடுத்த தேதிக்கு ஒரு மாதம் காத்திருக்க வேண்டும், திரை வேறு ஆள் கைக்குப் போய்விடும். கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. மாஸ்டர் காதருகில் வந்து கெஞ்சினார்: "ஏற்றத்துல மட்டும் நான் லேசா புடிச்சுக்கறேனே? வெளிய தெரியாது." உண்மையைச் சொல்ல வேண்டும், ஒரு கணம் அவளுக்கும் சபலம் தட்டியது. வெல்வெட் கண்முன் ஆடியது. பிறகு, "மேல" என்றாள். அவர் காலை மடக்கினார்.

பின்சீட்டு அதிகாரி, "என்ன மாஸ்டர், கால்ல அடியா?" என்றார். "அவங்க உத்தரவு சார்" என்றார் மாஸ்டர் பரிதாபமாக.

ஏற்றத்தில் நிறுத்தி எடுக்கும்போது வண்டி பின்னால் சரிந்தது. மாஸ்டரின் கால் தன்னையறியாமல் கீழே இறங்கியது. "காலைத் தொங்கவிட்டீங்கன்னா நான் இறங்கிப் போயிடுவேன்!" என்று அக்கா போட்ட சத்தத்தில் அதிகாரியே காலை மேலே தூக்கிக்கொண்டார். பிரேக்கை அழுத்தினாள். வண்டி நின்றது. கிளட்சை மெல்ல விட்டாள், என்ஜின் உறுமியது, வண்டி ஏறியது. அவளுடைய காலால், அவளுடைய காலால் மட்டும்! அதிகாரி பேனாவை எடுத்தார். "ஒரு முழம் சரிஞ்சது. ஆனா பிடிச்சது நீங்கதான்" என்று கையெழுத்துப் போட்டார்.

திரை மாட்டும் முதல் நாள் காலை, மடித்த வெல்வெட்டை வேனில் ஏற்றி ஸ்டியரிங் முன்னால் உட்கார்ந்தாள். கணவர் சட்டையை இஸ்திரி போட்டு மாட்டிக்கொண்டு வந்து நின்றார்.

"உங்களுக்கு ஷிப்ட் இல்லையா?"

"நீ பாஸாக மாட்டேன்னு நெனச்சு கெஞ்சிக் கூத்தாடி இன்னிக்கு ஒரு நாள் லீவு வாங்கி வச்சேன்" என்றார், தலையைச் சொறிந்துகொண்டே. "நான் வரட்டுமா?"

"வேணாங்க. நானே போயிட்டு வந்துடறேன்."

"அப்போ நான் என்ன பண்றது?"

அவளுக்குச் சிரிப்பு வந்தது, கூடவே பாவமாகவும் இருந்தது. இத்தனை வருட லீவு நாட்களை இந்த மனிதர் யார் யார் வீட்டு வாசலிலோ உட்கார்ந்தே தீர்த்திருக்கிறார். அவளைக் கட்டிப்போட்ட கயிற்றின் மறுமுனை அவர் காலில்தான் இருந்திருக்கிறது.

"உங்களுக்கு என்ன தோணுதோ அதைப் பண்ணுங்க" என்று சொல்லிவிட்டு கிளட்சை விட்டாள்.

தெருமுனையில் திரும்பும்போது கண்ணாடியில் பார்த்தாள். வாசலில் சற்று நேரம் திகைத்து நின்றவர், வீட்டுக்குள் போகவில்லை. எதிர்ப்பக்கமாகத் திரும்பி, கைகளை வீசிக்கொண்டு விறுவிறுவென்று நடந்துகொண்டிருந்தார். எங்கே போகிறார் என்று அவளுக்குத் தெரியவில்லை. அவருக்கும் தெரிந்திருக்காது.