வெளியாள் இல்லாத வீடு

இதை எழுதுவதா விடுவதா என்று பல வருடமாக மனம் அடித்துக்கொண்டே இருந்தது. கோயில் விஷயம். எழுதினால் முருகன் கோவிப்பானோ என்ற பயம் ஒரு பக்கம். எட்டாம் வகுப்போடு நின்றவன் தத்துவத்தைப் பற்றி வாய் திறக்கலாமோ என்ற கூச்சம் மறுபக்கம். அண்மையில் எங்கள் கோயில் தலைவர் காலமானார். முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிக்கு அச்சடித்துக் கொடுத்த நினைவு மலரில், வேற்றுமை என்றால் என்னவென்றே அறியாத உலக மனிதர் என்று அவரைப் பற்றிப் போட்டிருந்தார்கள். சாப்பாட்டு மேசையில் இருந்துதான் வாசித்தேன். தட்டைத் தள்ளி வைத்துவிட்டேன். இனியும் பேசாமல் இருந்தால்தான் முருகன் கோவிப்பான் என்று பட்டது.

தலைவர் ஊரில் ஆசிரியராக இருந்தவர், புலம்பெயர்ந்து வந்து இங்கே நகர கவுன்சிலில் வேலைபார்த்து ஓய்வு பெற்றவர். அவருடைய மகன் பீஜிங் பக்கத்துப் பிள்ளை ஒன்றைக் கலியாணம் செய்தான். நல்ல குணமான பிள்ளை. அவள்தான் மாமனாருக்கு ஒரு புத்தகம் கொண்டுவந்து கொடுத்தாள். இன்றைக்குச் சீனத்தில் பெரிதாகப் பேசப்படும் ஒரு அரசியல் தத்துவ அறிஞர் எழுதியதாம். அதற்குப் பிறகு வெள்ளிக்கிழமைப் பூசை முடிந்து தலைவர் மைக்கைப் பிடித்தால் அந்த அறிஞரின் கதைதான்.

தலைவர் சொன்னது இன்றும் நினைவிருக்கிறது. இப்போது இருப்பது உலகமே அல்ல, நாடுகளின் சந்தை. பெரிய சபைகளில் கூடினாலும் அவரவர் தங்கள் நாட்டுக்காகத்தான் பேசுகிறார்கள், உலகத்துக்காகப் பேச ஆளில்லை. பழைய சீனத்தில் வேறொரு எண்ணம் இருந்தது. வானத்துக்குக் கீழே உள்ளதெல்லாம் ஒரே வீடு. அந்த வீட்டுக்கு வெளிப்புறம் கிடையாது, ஆகவே வெளியாள் என்றும் ஒருவர் கிடையாது. அந்த எண்ணத்தின்மேல்தான் இனி உலக ஒழுங்கைக் கட்டவேண்டும். கேட்கும்போது எனக்குக் கண் கலங்கும். எல்லை எல்லையாகப் பயந்து பயந்து கடந்து வந்தவன் நான். விசாவுக்காக வரிசையில் நின்று நின்று இளமை போனவன். எங்கேயோ இருக்கும் ஒரு சீனத்து மனிதர் என்னைப் போன்றவனையும் உள்ளே கூப்பிடுகிறாரே என்று சுவாமியைக் கும்பிடும்போது அவரையும் நினைத்துக்கொள்வேன்.

என் சம்பந்தி பாரிஸில் பல வருடம் ஹோட்டல் குசினிகளில் சமையல் வேலை பார்த்துவிட்டு, பிறகு ஸ்ட்ரெதமில் வந்து குடியேறியவர். என் மகளும் அவர் மகனும் சாதி பாராமல் தாங்களாக விரும்பிச் செய்த கலியாணம். எங்கள் ஆட்களிடம் ஒரு கேள்வி உண்டு: “ஊரிலை எவடம்?” மற்றவர்கள் காதுக்கு அது அன்பான விசாரிப்பு. கேட்கிறவனுக்கும் கேட்கப்படுகிறவனுக்கும் தெரியும், அது சாதியைத் தேடுகிற கேள்வி. ஊர், குறிச்சி, எந்தக் கோயிலடி என்று கேட்டு ஆளை அளந்துவிடுவார்கள். ஊரில் என் சம்பந்தியின் தகப்பன் கோயிலுக்குள் விடப்படாமல் கடைசிவரை வெளிவீதியில் நின்று கும்பிட்டவர். “எனக்குப் பேர் போடவேண்டாம், மாலை போடவேண்டாம். கோயிலுக்குள்ளை நிண்டு சனத்துக்கு என்ரை கையாலை சோறு போடவேணும், அவ்வளவுதான்” என்று சம்பந்தி என்னிடம் ஒருநாள் சொன்னார். அந்த வருடத் தேர்த் திருவிழாவில் அதற்கு இடம் கிடைத்தது. பட்டு வேட்டி கட்டி, மூன்று நாள் முன்னமே விரதம் பிடித்து வந்தார். அன்னதானத்தில் அகப்பை அவர் கையில். பக்கத்தில் நான் அப்பளத் தட்டோடு நின்றேன். ஒவ்வொரு தட்டிலும் சோறு போடும்போது அந்த மனிதருடைய முகத்தைப் பார்க்கவேண்டுமே.

தலைவர் சிரித்துக்கொண்டு வந்தார். “அண்ணை, ஊரிலை எவடம்?” சம்பந்தி மறைக்கத் தெரியாதவர், சொன்னார். தலைவரின் சிரிப்பு அப்படியே இருந்தது. “ஓ, நல்லது. அண்ணை, கார் பார்க்கிலை ஆள் காணாது. உங்களைப் போலை ஒராள் நிண்டால்தான் சரிவரும்.” சொல்லிக்கொண்டே அகப்பையை மெல்ல வாங்கி, பின்னால் வந்த தன் சீன மருமகளிடம் கொடுத்தார். “எடுங்கோ படம்! உலகமே ஒரு வீடு!” போன்கள் மின்னின. அந்தப் பிள்ளைக்கு ஒன்றும் விளங்கவில்லை. அந்த அங்கிள் எங்கே போகிறார் என்று இங்கிலீஷில் கேட்டாள். அவருக்கு வெளியில் நிற்கத்தான் விருப்பம் என்று மாமனார் சொன்னார்.

நான் அப்பளத் தட்டை வைத்துவிட்டுப் போய்க் கேட்டேன். “தலைவர், வெளிப்புறமே இல்லாத வீடு எண்டியள். அந்த வீட்டிலை கார் பார்க் எந்தப் பக்கம்?” வரிசையில் யாரோ களுக்கென்று சிரித்தார்கள்.

“தம்பி, அது தத்துவம், இது நிர்வாகம். சனம் கதைக்கும்.”

“என்ரை பிள்ளையைக் குடுத்த இடம் அது. அப்ப நான் எங்கை நிக்கிறது?”

“நீர் உள்ளை நில்லும். உம்மை ஆர் என்ன சொன்னது?” என்று என் தோளைத் தட்டினார். அந்தக் கை பட்ட இடம் அன்று முழுவதும் அருவருத்தது.

வெளியே போனேன். பட்டு வேட்டிக்கு மேலே மஞ்சள் ஜாக்கெட் போட்டுக்கொண்டு, தூறலில் நின்று ஒரு வான் வண்டியைப் பின்னுக்கு எடுப்பித்துக்கொண்டிருந்தார் சம்பந்தி. வாங்கோ போவம் என்றேன். “ஏலாது, சம்பந்தி. இடையிலை விட்டிட்டுப் போனால் அவன்ரை சாதிப் புத்தி அதுதான் எண்டுவினம்” என்றார். கடைசிக் கார் போகும்வரை இரண்டு பேரும் நின்றோம். பிறகு டூட்டிங்கில் ஒரு கடையில் தோசை தின்றோம். அவர் அந்தக் கோயில் சாப்பாட்டில் அதற்குப் பிறகு கைநனைக்கவில்லை.

அந்தச் சீனத்து அறிஞரோடு எனக்குக் கோபம் இல்லை. அவர் நல்ல மனதோடு எழுதியிருப்பார். ஆனால் ஒன்று கேட்கவேணும். தமிழன் என்பதற்காக ஊரில் என்னைத் துரத்தினவர்கள் நீ அந்நியன் என்று முகத்துக்கு நேரே சொல்லித் துரத்தினார்கள். எனக்கு ஓட ஒரு வெளி இருந்தது, ஓடி வந்தேன், பிழைத்தேன். உலகம் முழுவதும் ஒரே வீடாகி, அந்த வீட்டுக்குப் பெரியவராக எங்கள் தலைவரைப் போல ஒருவர் வந்து குந்திவிட்டால், தள்ளப்பட்டவன் எங்கே ஓடுவான்? தள்ளினார்கள் என்றுகூட அவனால் சொல்ல ஏலாதே. அவனுக்கு அதுதான் விருப்பம் என்றல்லவா எழுதி வைப்பார்கள். எனக்கு அருவருப்பு தருவது இதுதான்.

போன மாதம் எங்கள் பேரனுக்குச் சோறு தீத்தினோம், முதல் சோறு ஊட்டுகிற சடங்கு. கோயிலில் செய்யவில்லை. கோலியர்ஸ் வுட்டில் எங்கள் வீட்டில், சாமிப் படத்துக்கு முன்னால், முதல் பிடியைச் சம்பந்தி தீத்தினார். பிள்ளை முகத்தைச் சுழித்துவிட்டு, பிறகு விழுங்கினான்.

வாசிக்கிறவர்கள் இதை வேறு ஆட்களுக்கும் சொல்லவேணும் என்று கேட்கிறேன். சொல்லும்போது ஒன்றையும் கூட்டவேண்டாம், குறைக்கவேண்டாம். முக்கியமாகத் தலைவரைக் கத்திப் பேசினவராக ஆக்கிவிடாதீர்கள். அவர் கத்தவில்லை. அண்ணை என்று மரியாதையாகக் கூப்பிட்டார், சிரித்துக்கொண்டுதான் சொன்னார். அதை அப்படியே சொல்லுங்கள்.