பிறை காட்டிய விரல்

என் மச்சானின் வலது ஆள்காட்டி விரலில், நகத்துக்குச் சற்றுக் கீழே ஒரு தழும்பு உண்டு. தோல் தைக்கும் மெஷினின் ஊசி ஒருமுறை ஒருபக்கம் இறங்கி மறுபக்கம் வந்த இடம். நோன்பு மாதத்தின் இருபத்தொன்பதாம் நாள், சூரியன் விழுந்த கையோடு அந்த விரல் மேற்கு வானத்தில் ஓரிடத்தைக் காட்டினால், தாராவியில் எங்கள் சந்தில் மறுநாள் பெருநாள். காட்டாவிட்டால் இன்னொரு நோன்பு. அத்தனை பேர் மொட்டை மாடியில் நிற்பார்கள். ஆனால் பாதிப் பேர் வானத்தைப் பார்க்கமாட்டார்கள், அந்த விரலைத்தான் பார்ப்பார்கள். நானும் அதைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன், வயிற்றெரிச்சலோடு.

எண்பதுகளின் நடுப்பகுதி அது. மச்சான் என் அக்காவைக் கட்டிக்கொண்டு திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து வந்து, வாப்பாவின் பை தைக்கும் பட்டறையில் சேர்ந்து நாலைந்து வருடம் ஆகியிருந்தது. அதற்குள் வீட்டில் அவர் சொன்னதுதான் சொல். ஒரு தோலைத் தடவிப் பார்த்து "இது ஆகாது மாமா" என்று அவர் சொன்னால் வாப்பா மறுபேச்சில்லாமல் திருப்பி அனுப்பிவிடுவார். அதே தோலை நான் ஆகாது என்றால், "எப்பிடிலே தெரியும் உனக்கு?" என்பார். வெளியே மழை பெய்கிறது என்று நான் சொன்னால்கூட வாப்பா கதவுக்கு வெளியே கையை நீட்டிப் பார்த்த ஆள். இதைச் சும்மா சொல்லவில்லை, பார்த்திருக்கிறேன். பெற்ற பிள்ளையின் பேச்சுக்கு ஆதாரம் வேண்டும், வந்த மருமகனின் பேச்சே ஆதாரம் என்றால் யாருக்குத்தான் பற்றிக்கொண்டு வராது?

இதில் வேடிக்கை என்னவென்றால், அப்போது நான் மாட்டுங்காவில் ஒரு கல்லூரியில் தத்துவம் படித்துக்கொண்டிருந்தேன். 'உனக்கு எப்படித் தெரியும்' என்ற ஒரே கேள்வியை வெவ்வேறு விதமாகக் கேட்கச் சொல்லித்தரும் படிப்பு. எதை அறிவு என்று சொல்லலாம், எது வெறும் நம்பிக்கை, கண்ணை எந்த அளவுக்கு நம்பலாம் என்று வகுப்பில் கேட்டதையெல்லாம் மூட்டை கட்டிக்கொண்டு வந்து மச்சானிடம் அவிழ்ப்பேன். கண்ணால் காண்பதும் பொய், காதால் கேட்பதும் பொய், தீர விசாரிப்பதே மெய் என்று பெரியவர்கள் சொல்லியிருக்கிறார்களே, நீங்கள் என்ன விசாரித்தீர்கள் என்று ஒருநாள் மடக்கினேன். அவர் நூலைப் பல்லால் கடித்து அறுத்துவிட்டு, "தீர விசாரிச்சு முடிக்கதுக்குள்ள பெருநா போயிருமே மாப்ள" என்றார். பட்டறையே சிரித்தது. வாப்பாவும் சிரித்தார். அன்று எனக்குச் சோறு இறங்கவில்லை.

பெருநாள் பிறைக்கு இரண்டு சாட்சி வேண்டும் என்பது எங்கள் பள்ளிவாசல் வழக்கம். மச்சான் வந்த பிறகு முதல் சாட்சி எப்போதும் அவர்தான். இரண்டாவது சாட்சி யாராவது இருப்பார்கள். தொழுகை நடத்தும் ஹஜ்ரத் சாட்சிகளை உட்காரவைத்து, பிறை எந்தத் திசையில் தெரிந்தது, எவ்வளவு உயரம், முனைகள் எந்தப் பக்கம் பார்த்தன, எவ்வளவு நேரம் இருந்தது என்று கேட்பார். மச்சானிடம் மட்டும் பேருக்கு ஒரு கேள்வி கேட்டுவிட்டு நிறுத்திக்கொள்வார். மற்றவர்களைக் குடைந்தெடுப்பார். ஒவ்வொரு வருடமும் பக்கத்தில் நின்று கேட்டுக் கேட்டு அந்தக் கேள்விகளும் அவற்றுக்குரிய பதில்களும் எனக்குத் தலைகீழ்ப் பாடம். ஒரே ஒரு வருடம், ஒரே ஒரு தடவை, அந்த ஆளுக்கு முன்னால் நான் பார்த்துவிட வேண்டும் என்று இருந்தது.

அந்த வருடம் இருபத்தொன்பதாம் நாள் ஜூன் மாதத்தில் வந்தது. மழை தொடங்கிவிட்டிருந்தது. மாஹிம் பக்கம் வானம் முழுக்க மேகம். பேரீச்சம்பழத்தைக் கடித்து நோன்பு திறந்துவிட்டு, கொட்டையை வாயில் அதக்கிக்கொண்டே எல்லாரும் மாடிக்கு ஓடினோம். மச்சான் தண்ணீர்த் தொட்டிக்குப் பக்கத்தில், கண்ணுக்கு மேலே கையை வைத்துக்கொண்டு நின்றார். தெரியாது, இன்றைக்கு வாய்ப்பே இல்லை என்று சிலர் இறங்கத் தொடங்கினார்கள். அப்போது வலப்பக்கம், ஒரு புகைக்கூண்டுக்கு மேலே மேகம் கொஞ்சம் கிழிந்தது. அதில் வெள்ளையாக ஒரு கீற்று. இரண்டு நொடி இருக்கும். கண் இன்னும் முடிவுசெய்யவில்லை, அதற்குள் வாய் கத்திவிட்டது: "அந்தா!" என் விரல் நீண்டிருந்தது. பக்கத்துப் பட்டறைக்காரர் என் விரல் வழியாகவே பார்த்துவிட்டு, ஆமா ஆமா, தெரியுது என்றார். மச்சான் திரும்பிப் பார்ப்பதற்குள் மேகம் மூடிவிட்டது.

பள்ளிவாசலில் பக்கத்துப் பட்டறைக்காரரை இரண்டாவது சாட்சியாக வைத்துக்கொண்டு, ஹஜ்ரத் என்னிடம் எல்லாக் கேள்வியும் கேட்டார். படகு போல மல்லாந்து இருந்தது, முனைகள் மேலே பார்த்தன, இவ்வளவு உயரம், இவ்வளவு நேரம் என்று தட்டாமல் தடுமாறாமல் சொன்னேன். பதில்களில் ஒரு குறையும் இல்லை. எந்தப் பரீட்சையிலும் நான் அவ்வளவு நன்றாகப் பதில் சொன்னதில்லை. பார்த்தேனா என்பது மட்டும்தான் எனக்கே தெரியவில்லை. ஹஜ்ரத்துக்கும் முழு மனதில்லை. அவர் மச்சான் பக்கம் திரும்பி, "நீங்க பாத்தீங்களா?" என்றார்.

"நான் பாக்கல ஹஜ்ரத். எங்க மாப்ள பாத்தேங்கான்." பிறகு சொன்னார்: "அவன் பொய் சொல்ல மாட்டான்."

அவ்வளவுதான். மறுநாள் பெருநாள் என்று ஹஜ்ரத் எழுந்துவிட்டார். பின்னால் நின்றிருந்த வாப்பா என்னைப் பார்த்தார். வாழ்க்கையில் முதல்முறையாக, எப்பிடிலே தெரியும் என்று கேட்காமல் என் தோளில் கையை வைத்தார். எத்தனை வருடமாக நான் ஏங்கிய கை அது! ஆனால் தோள் கூசியது. நான் பொய் சொல்லமாட்டேன் என்பதை மச்சான் எப்போது சோதித்துப் பார்த்தார்? என்னிடம் ஒரு தடவையாவது கேட்டாரா? அந்தச் சொல்லுக்கு அவர் கையில் ஓர் ஆதாரமும் கிடையாது. பட்டறைத் தரை காலுக்குக் கீழே இருக்கிறதா என்று பார்த்துக்கொண்டா அவர் தினமும் நடந்தார்? அப்படித்தான் என்னையும் வைத்திருந்தார். நானோ அவருக்கு முன்னால் பார்த்துவிட வேண்டும் என்ற பொறாமையில், பார்த்ததையும் பார்க்க ஆசைப்பட்டதையும் குழப்பிக்கொண்டு வந்து நிற்கிறேன்.

அரைமணி நேரத்தில் நகரத்திலிருந்து போன் வந்தது. வேறு இரண்டு இடங்களில் நல்லவிதமாகப் பிறை பார்த்திருந்தார்கள். எங்கள் சந்து பிழைத்தது. யாருடைய நோன்பும் என்னால் கெடவில்லை. பார்த்தியா, பையன் சொன்னது சரியாப் போச்சு என்று ஆளாளுக்கு முதுகில் தட்டினார்கள். நான் சொன்னது சரிதான். ஆனால் அது எனக்குத் தெரிந்துதான் சொன்னேனா?

பதில் மறுநாள் மாலை கிடைத்தது. பெருநாள் பிரியாணி தின்ற மயக்கத்தில் மாடியில் நின்றுகொண்டிருந்தோம், நானும் மச்சானும் மட்டும். மேகம் விலகி இரண்டாம் பிறை பளிச்சென்று தெரிந்தது. அது இடப்பக்கம், தண்ணீர்த் தொட்டிக்கு நேர் மேலே இருந்தது. பிறை ஒரு நாளில் கொஞ்சம் நகரும்தான். ஆனால் புகைக்கூண்டுக்கும் தொட்டிக்கும் நடுவே அரை வானம் கிடந்தது. நேத்து எங்கன பாத்த மாப்ள என்று மச்சான் சாதாரணமாகத்தான் கேட்டார். நான் புகைக்கூண்டுப் பக்கம் விரலை நீட்டினேன். நீட்டிய பிறகுதான் எனக்கே விளங்கியது. அவர் தழும்பு விழுந்த அந்த விரலால் என் விரலைத் தொட்டு, மெதுவாக இடப்பக்கம் நகர்த்தி, பிறையில் கொண்டுவந்து நிறுத்தினார். பிறகு கீழே இறங்கிப்போனார்.

அவர் யாரிடமும் அதைச் சொல்லவில்லை, அக்காவிடம்கூட. திட்டியிருந்தால் தேவலை. அடுத்த வருடம் பிறை பார்த்துவிட்டு நான் சொன்னபோது, "நல்லாப் பாத்தியா மாப்ள?" என்றார். குரலில் குத்தல் இல்லை. ஆனால் அதற்கு முன் அவர் என்னிடம் அப்படிக் கேட்டதே இல்லை. உலகத்தில் என்னைக் கேள்வி கேட்காமல் நம்பிய ஒரே ஆள் அவர்தான் என்பதும், அது போய்விட்டது என்பதும் ஒரே நேரத்தில் தெரிந்தது. வாப்பா என் பேச்சை நம்பத் தொடங்கியிருந்தார். அது எனக்குச் சுவைக்கவே இல்லை.

பிறகு நான் கல்லூரியில் அதே தத்துவத்தைச் சொல்லிக்கொடுத்துச் சம்பளம் வாங்கினேன். ஒவ்வொரு வருடமும் மாணவர்களுக்கு ஒரு கதை சொல்வேன்: ஒருவன் தவறான இடத்தில் எதையோ பார்த்துவிட்டுப் பிறை என்றான், பிறையும் அன்று உண்மையாகவே பிறந்திருந்தது, அவனுக்குத் தெரியும் என்று சொல்லலாமா? பிள்ளைகள் மணியடிக்கும்வரை சண்டை போடுவார்கள். யார் சார் அந்த ஆள் என்று ஒருவரும் கேட்டதில்லை.

இப்போது நான் செம்பூரில் இருக்கிறேன். அக்கா போன பிறகு மச்சானும் எங்களோடுதான். சர்க்கரை அவர் கண்ணை முக்கால்வாசி தின்றுவிட்டது. போன நோன்பில், இருபத்தொன்பதாம் நாள் மாலை, போனில் செய்தி வரும்வரை இருங்கள் என்று சொன்னதைக் கேட்காமல், மாடிக்குக் கூட்டிப்போகச் சொன்னார். மேற்கே திரும்பி நின்று, பழக்கத்தில் அந்த விரலைத் தூக்கினார். எங்கே காட்டுவது என்று தெரியாமல் அது காற்றில் நின்றது. தெரியுதா மாப்ள என்றார். நான் வெகுநேரம் பார்த்தேன். கட்டடங்களுக்கு நடுவே ஒரு கீற்று இருப்பது போலவும் இருந்தது, இல்லாதது போலவும் இருந்தது.

"தெரியல மச்சான்" என்றேன்.

நல்லாப் பாத்தியா என்று கேட்பார் என்று காத்திருந்தேன். அவர் கேட்கவில்லை. "அப்பம் நாளைக்கும் நோன்புதான்" என்று சொல்லிவிட்டு விரலை மடக்கிக்கொண்டு, படி இருக்கிறதா என்று காலால் தடவிக்கூடப் பார்க்காமல், என் கையைப் பிடித்து இறங்கத் தொடங்கினார்.