பாண் வாங்க ஆற்றைக் கடந்தவர்

பேய், ஆவி என்று யாராவது தொடங்கினால் எழும்பிப் போகிற ஆள் நான். எட்டாம் வகுப்போடு படிப்பை விட்டு, கள்ளமாய் வெளிநாடு அனுப்புகிற ஏஜென்சிக்காரன் இழுத்த நாடெல்லாம் அலைந்து, பிணத்துக்குப் பக்கத்திலும் படுத்தெழும்பியவன். ஒன்றும் வந்து தொடவில்லை. இதை நீங்கள் நம்பாவிட்டாலும் எனக்குக் கோபமில்லை.

கனடா வருகிற வழியில் நானும் அண்ணையும் கசகஸ்தானில், உரால் ஆற்றங்கரையில், ஒரு மீன்பிடிக் கிழவரின் வீட்டில் குளிர்காலம் முழுக்க அடைந்து கிடந்தோம். கண்ணுக்கெட்டிய தூரம் மரமே இல்லாத புல்வெளி, நடுவில் உறைந்த ஆறு. முன்பு அதற்கு யாயிக் என்று பெயராம். கரைச் சனம் கலகம் செய்ததால் ஒரு ரஷ்ய மகாராணி பெயரையே மாற்றிவிட்டாளாம். கிழவர் பழைய பெயரைத்தான் சொல்வார். எங்கள் கரை ஆசியா, ரொட்டிக்கடை இருந்த எதிர்க்கரை ஐரோப்பா.

“டேய், ஐரோப்பாவுக்குப் போய்ப் பாண் வாங்கியாறன், தேத்தண்ணியை வை,” என்று சிரித்துக்கொண்டு ஆற்றில் இறங்கி நடந்த அண்ணை திரும்பவில்லை. உடலும் கிடைக்கவில்லை.

பிறகு மொன்ட்ரியால் வந்து சேர்ந்த அண்ணி பொட்டை அழிக்கவில்லை. போன தையில் மகளின் கல்யாண அட்டை அடிக்கக் கொடுத்தபோது, தகப்பன் பெயருக்கு முன் ‘காலஞ்சென்ற’ என்று போடுவதா என்று அச்சகத்தில் கேட்டார்கள். அண்ணி சில நாள் சரியாகச் சாப்பிடவில்லை.

“எள்ளும் தண்ணியும் இறைச்சுவிடு தம்பி. அவரும் எவ்வளவு காலத்துக்கு அலையிறது?” என்றார் கடைசியில்.

தை அமாவாசை மத்தியானம் நகரின் வடக்கே மொன்ட்ரியால்-நோர் பகுதி ஓரமாக ஓடுகிற ஆற்றுக்குப் போனோம். அதுவும் உறைந்துதான் கிடந்தது. தூண்டில்காரர் துளைத்துவிட்டுப் போன ஓட்டைக்குப் பக்கத்தில் குந்தி, காற்று இரைந்ததால் அண்ணையின் பெயரை உரக்கச் சொன்னேன். அண்ணி என் கையைப் பிடித்தார்.

“கத்தாதை. மீன் எல்லாம் நித்திரையாம்.”

“ஆர் சொன்னது?”

“உன்ர அண்ணைதான். இப்ப அங்காலை நிண்டு சொன்னார். உனக்குக் கேக்கேல்லையே?”

எனக்குக் காற்றுத்தான் கேட்டது. எள் என் கையிலேயே ஒட்டிக் கிடந்தது. நம்பினால் நம்புங்கள், உரால் கரையில் பெரிய மீன்கள் குளிர் முழுக்க ஆற்றடியில் கூட்டமாக உறங்கும், கலைந்துவிடும் என்று யாரும் சத்தம் போடமாட்டார்கள், அது தலைமுறை தலைமுறையான கட்டுப்பாடு. அண்ணையைத் தேடிய அன்று மட்டும் கிழவர் அதை மீறி, அண்ணையின் பெயரைத் தொண்டை கிழியக் கூவினார். இதையெல்லாம் நான் அண்ணிக்குச் சொன்னதே இல்லை.

கல்யாண அட்டை ‘காலஞ்சென்ற’ என்ற சொல் இல்லாமலே அச்சாகியது.

இந்தக் குளிருக்கும் ஆறு உறைந்துவிட்டது. நேற்று அண்ணி வீட்டுக்குப் போனேன். சாமித்தட்டில் இருக்கும் பூசை மணியின் நாக்கில் துணி சுற்றிக் கட்டியிருந்தது. ஏன் என்று கேட்டேன்.

“ஐஸ் உருகட்டும்,” என்றார் மெதுவாக.

உரால் ஆற்றங்கரையில் முன்பெல்லாம் குளிர் முடியும்வரை தேவாலய மணிகூட அடிக்கமாட்டார்களாம். கிழவர் அதைச் சொன்னபோது கேட்டுக்கொண்டிருந்தது நானும் அண்ணையும் மட்டும்தான்.